வலது கால்

ஆப்ரிக்குப் பெரம்பூர் கேரேஜில் வேலை.
காலைச் சங்கு ஊதினால் வெல்டிங்,
சனி இரவு இன்ஸ்டிடியூட் ஹாலில் அக்கார்டியன்.
இரண்டுக்கும் ஒரே தோள்பட்டை, ஒரே தைலம்.

நான் பின்னால் டிரம்ஸ். காலுக்கொரு பெடல்.
ஜீவா சுரங்கப்பாதையில் தண்ணீர் நின்றால்
சைக்கிளை விட்டுவிட்டு
டிரம்மைத் தலையில் வைத்து நடந்து வருவேன்.
ஸ்காட்லாந்து எந்தத் திசை என்று
எங்கள் நாலு பேருக்கும் தெரியாது.
அந்த ஊர் ரீலை எட்டு எட்டாய் எண்ணி வாசிப்போம்.

இருபத்தாறு வருஷம்.
ராயபுரம் கல்யாணம், எண்ணூர் கிளப்,
ஒருமுறை காசிமேட்டில் விசைப்படகு வெள்ளோட்டம்.
அங்கே லுங்கியை மடித்துக் கட்டி
ஆடினார்கள் பாருங்கள்,
ஆப்ரியே வேகம் பிடிக்க முடியாமல் சிரித்துவிட்டான்.
பேசிய தொகையில் நூறு குறைந்தது.
கூடையில் வஞ்சிரம் வந்தது.

அவன் மகள் கல்யாணத்துக்கு வேறு பேண்ட்.
யூனிஸ் அவனைக் கைபிடித்து நடுவில் இழுத்தாள்.
கூட்டம் விலகி வட்டமானது.
வலது கால் தாளம் தட்டியது,
இம்மி பிசகாமல்.
தட்டிய இடத்தை விட்டு நகரவில்லை.

அவள் விடவில்லை.
கம்பத்தைச் சுற்றும் பிள்ளை மாதிரி
அவனையே சுற்றி ஆடி முடித்தாள்.
மூச்சு வாங்க என் பக்கம் திரும்பி,
"வாசிக்கிறவனைக் கட்டினால் இப்படித்தான்.
நீ வாய்யா,
உனக்காவது ரெண்டு காலும் வேலை செய்யும்."

போனேன்.
ஓரத்தில் நின்று ஆப்ரி
எங்களுக்காக எண்ணிக்கொண்டிருந்தான்,
சத்தமாக.