எழுபத்திரண்டு மணித்தியாலம்

பென்டிரைவில் வந்தது பந்து.
கல்முனை பஸ்ஸில் நாலு கை மாறி
ரிப்கானின் சட்டைப்பையில்.
காசு கொடுத்து வாங்கினால்
என் பாதிச் சம்பளம்.
இது சும்மா.

கூடவே ஒரு குறிப்பு:
ஏற்றுவதற்கு முன் வைரஸ் காவலை நிறுத்திவிடவும்.
களவெடுக்க வருகிறவன்
நாயைக் கட்டி வைக்கச் சொல்லிக்
கடிதம் போட்டிருந்தான்.
நான்தான் கட்டினேன்.

மூன்று இரவு
சாய்ந்தமருது ஸ்டூடியோவின் ஷட்டரைப் பாதி இறக்கி
ஆல்பம் வேலை என்று உம்மாவுக்குச் சொல்லி
பத்தொன்பது கோல் அடித்தேன்.
புல் அவ்வளவு பச்சை.
மைதானத்தில் மழைகூடப் பெய்தது.

மறுகா, வியாழன் காலை
அஸ்மீர்ட கலியாணம்
வெள்ளைத் தாளாய்க் கிடந்தது.
ஆயிரத்து நானூறு படம்.
ஒவ்வொரு பெயருக்குப் பின்னாலும்
விளங்காத ஏழெழுத்து வால்.
திரையில் ஒரு கடிகாரம்
எழுபத்திரண்டிலிருந்து பின்னோக்கி.
காசு கேட்டவன் மரியாதைக்காரன்,
இரண்டு இடத்தில் தயவுசெய்து.

நிஸ்பர் காக்கா வயரைப் பிடுங்கினார்.
மறுபடி சொருகினார்.
கரண்ட் சபையை ஏசினார்.
என்னை மட்டும் கேட்கவில்லை.

வெள்ளி இரவு கட்டாருக்கு விமானம்.
அஸ்மீர் வந்து ஃபோனை நீட்டினான்,
படத்தைப் போடுங்க என்று.
வைரஸ் என்றேன்,
காய்ச்சலைச் சொல்வதுபோல,
ஆரும் கொண்டுவராமல்
தானாய் வந்ததுபோல.

கேமராவில் ஒரு கார்டு இருந்தது.
விளையாட்டு மும்முரத்தில்
இறக்க மறந்த கடைசிக் கார்டு.
அதில் பதினொரு படம்:

வழித்துத் துடைத்த சஹன்கள்,
அடுக்கிய பிளாஸ்டிக் கதிரைகள்,
கிடாரம் கழுவும் பண்டாரி,
ஒற்றைச் செருப்பைத் தேடும் பொடியன்.
பெண் இல்லை. மாப்பிள்ளை இல்லை.

ஒன்பதாவதில்
பாதி திறந்த கதவு,
அதன் ஓரம் கொஞ்சம் சிவப்பு.
பெருப்பிக்கச் சொன்னான்.
இன்னும் என்றான்.
சிவப்பு சதுரம் சதுரமாய் உடைந்தது.
இது அவதான், என்றான்.
அதை மட்டும் ஏற்றிக்கொண்டு போனான்.

இரவு காக்காவின் நம்பரை எடுத்தேன்.
வைத்தேன்.
கடிகாரம் ஐம்பத்தெட்டில் ஓடியது.
ஒவ்வொரு கோப்பாய்த் தட்டிப் பார்த்தேன்.
அது பூட்டாமல் விட்டிருந்தது
ஒன்றே ஒன்றை.

அதே புல். அதே மழை.
அறுபதாயிரம் பேர்
என் பெயரைச் சொல்லி
எழுந்து நின்றார்கள்.