மூன்றாம் தூணுக்கு நேராக

பிரேசிலியா மேலிருந்து பார்த்தால்
விமானம் போல இருக்குமாம்.
நான் பார்த்ததில்லை.
ஒன்பது வருடமாகத் தெற்கு இறக்கையில்
எஃப் பிளாக்கின் காவல்காரன்.
தூண்களுக்கு நடுவே ஒரு நாற்காலி, ஒரு ரேடியோ,
கீழ்த்தளம் எல்லோருக்கும் பொது என்று
கட்டியவர்கள் விட்டுப்போன நிழல்.

இங்கே தெருவுக்குப் பெயர் கிடையாது.
பியாவுயியிலிருந்து தம்பி கேட்டான்:
"எந்த முக்கில் இறங்கணும்?"
முக்கே இல்லாத ஊரடா என்றேன்.
எண் சொன்னேன், எழுதிக்கொண்டான்.
எழுதிய சீட்டைத் தொலைத்துவிட்டு
ராத்திரி பஸ் நிலையத்திலேயே படுத்தான்.

காலை ஆறு பத்துக்கு
செயிலாந்தியா பஸ் வந்து நிற்கும்.
இறங்குகிறவர்கள் சுரங்கப்பாதையில் வர வேண்டும்.
உள்ளே மூத்திர நாற்றம். பல்பு எரியாது.
போன வருடம் ஜுசிலெய்டியின் பையைப் பிடுங்கினார்கள்,
சம்பள நாள் அன்று.
அதனால் ஆறு தடச் சாலையை
ஓடித்தான் கடக்கிறார்கள்.
செருப்பைக் கையில் பிடித்து
முதலில் ஓடுகிறவள் நெய்ஜியானி,
நான்காம் மாடி நீதிபதி வீட்டில் சமைப்பவள்.

பிறகு புல்வெளி.
சிமெண்ட் நடைபாதை வளைந்து வளைந்து போகும்,
நேரமாகாதவர்களுக்கான அழகு.
இவர்கள் கால்கள் போட்டது நேர்கோடு.
புல் செத்துச் செம்மண் தெரியும்.
மழைக்காலத்தில் அந்தச் செம்மண்
லிப்ட் வரைக்கும் வரும்,
வேலைக்காரர் லிப்ட்.

மார்ச் மாதச் சங்கக் கூட்டத்தில்
ஒன்றரை மணி நேரம் இதே பேச்சு.
செம்பருத்தி வேலி என்று முடிவானது.
நூற்றுப்பத்துக் கன்று. குழி வெட்டியவன் நான்.
ஜூனிலிருந்து செப்டம்பர் வரை
இங்கே சொட்டு மழை கிடையாது,
மூக்கில் ரத்தம் வரும் வறட்சி.
தினமும் தண்ணீர் விடச் சொன்னார்கள்.

விட்டேன்.
மூன்றாம் தூணுக்கு நேராக மட்டும்
ரப்பர் குழாய் முறுக்கிக்கொள்ளும்.
ஆகஸ்டில் நாலு செடி சுள்ளியாகிவிட்டன.

செயலாளர் எலோயீசா அம்மா குனிந்து பார்த்தார்.
"மண் சரியில்லையோ, ஒஸ்மரீனோ?"
மண்தான் அம்மா என்றேன்.
புதுக் கன்று வாங்கித் தந்தார்.
நட்டேன். அதுவும் காய்ந்தது.

ஆறு பதினான்குக்கு நெய்ஜியானி
அந்த இடைவெளியில் பக்கவாட்டில் திரும்பி
பையை நெஞ்சோடு அணைத்து நுழைவாள்.
ஒரு நாள் மட்டும் நின்றாள்.
குழாயைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.
செருப்பைக் கீழே போட்டுக் காலை நுழைத்துக்கொண்டே
"லிப்ட் ஓடுதா?" என்றாள்.
ஓடுது என்றேன்.