ஏழாவது ஆணி

கலே துறைமுகத்துக்குப் பின்புறம்
தகரக் கூரைக் கொட்டகையில்
பூட்ஸுகள் வந்து இறங்குகின்றன
சாக்குச் சாக்காக,
உருளைக்கிழங்கைப் போலவே மண்ணோடு.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினேழு, பிப்ரவரி.
தொட்டித் தண்ணீரின் மேல் பாளமாய் ஐஸ்.
கழுவ வந்தவர்கள்
முதலில் அதை உடைக்கவேண்டும்.

ஒக்தாவிக்கு நான்காவது மேசை.
பழைய அடியைப் பிடுங்கி
புதுத் தோலை அளவு வெட்டி
சுற்றிலும் ஆணி இறக்கி
குதிகாலுக்கு லாடம் வைத்துத் தள்ளவேண்டும்.
வாயில் பத்து ஆணி இருக்கும்போது
யாரும் எதுவும் கேட்பதில்லை.
அண்ணனிடமிருந்து கடிதம் வந்ததா
என்றுகூட.

போருக்கு முன் அவள் லேஸ் ஆலையில் இருந்தாள்.
மணப்பெண்களின் முகத்துக்கு மூடுபனி நெய்தாள்.
இடது கட்டைவிரல் நுனியை
அந்த எந்திரம் வைத்துக்கொண்டது.
அதனால் ஆணியை அழுத்திப் பிடிக்க முடியாது;
எந்த பூட்ஸிலும் அவள் அடிக்கும் ஏழாவது ஆணி
கொஞ்சம் சாய்ந்தே நிற்கும்,
காது கேளாதவர் தலை சாய்ப்பதுபோல.

முன்பெல்லாம் படை
வழியிலிருக்கும் ஊர்களைத் தின்றுகொண்டே நடக்கும்.
கோழி, வைக்கோல், விறகுக்குக் கதவு,
கடைசியில் விதைக்கோதுமை.
இந்தப் போர்
தின்ன ஊரில்லாத சேற்றில்
நகராமல் நின்றுவிட்டது.
ஊட்டவேண்டியிருக்கிறது.
ரொட்டி சுடுகிறவன், தண்ணீர் வண்டிக்காரன்,
கோவேறு கழுதைக்குப் புண் துடைக்கிறவன்,
இரவெல்லாம் ரயில்பெட்டி எண்ணுகிறவன்,
ஆணி கடித்த ஒக்தாவி.
எல்லோரும் சேர்ந்துதான்
ஒருவனை அங்கே நிற்கவைக்கிறார்கள்.

சார்ஜண்ட் ஆலரன்ஷாவின் பேரேட்டில் இரண்டே பத்தி:
ஆகும்.
ஆகாது.
ஆகாததும் வீணில்லை.
மேல்தோலைச் சுருள் சுருளாய் அறுத்தால் ஷூ லேஸ்;
அறுத்ததில் மிஞ்சும் துணுக்கு கணப்படுப்புக்கு.
அந்த மாட்டில் அவர்கள் வீணாக்கியது
அதன் கத்தலை மட்டும்தான்.

வீரன் காலில் கிடந்தால் கழல்,
அதற்குப் பாட்டு உண்டு.
கழன்று வந்ததற்கு
ரசீது.

ஏப்ரலில் ஒரு வலது பூட்ஸ்.
புரட்டினாள். ஏழாவது ஆணி
அவளைப் பார்த்துச் சாய்ந்திருந்தது.
குதிகாலின் வெளி ஓரம் தேய்ந்திருந்தது:
காலை அகட்டி நடக்கிறவன்.
குதிரைக்காரனாக இருக்கலாம்.
சரிசெய்து அனுப்பினாள்.

ஜூலையில் அதே பூட்ஸ்.
இம்முறை தேய்ந்திருந்தது பெருவிரலுக்குக் கீழே.
பூட்ஸ் மாறவில்லை, கால் மாறியிருக்கிறது.
உள்ளே செய்தித்தாளை மடித்து வைத்திருந்தான்;
சின்னக் கால்.
சரிசெய்தாள். அனுப்பினாள்.

அக்டோபரில்
தேயவே இல்லை.
அவள் அடித்த ஆணித்தலைகள் பளபளவென்று,
லாடத்தில் ஒரு கீறல்கூட விழாமல்.
கழுவுகிறவர்கள் இரண்டு தடவை கழுவியிருந்தார்கள்.
நாக்குத்தோலின் மடிப்பில்
கறுப்பு போகவில்லை.

பேரேட்டுப்படி அது ஆகும்.
புதிதைவிட நன்றாகவே ஆகும்;
தோல் பழகியிருக்கிறது.
அவள் அதை இடப்பக்கக் குவியலில் போட்டாள்.

"இது ஆகுமே" என்றார் ஆலரன்ஷா.
அவள் வாயில் ஆணி.
அவர் எடுத்துத் திருப்பினார்.
அடியைத் தடவிய விரல் ஒரு இடத்தில் நின்றது.
பிறகு பென்சிலை எச்சில் தொட்டு
எதையோ எழுதிக்கொண்டு
அடுத்த மேசைக்குப் போனார்.

சாப்பாட்டு மணிக்குப் பிறகு
அவளே கத்தி எடுத்தாள்.
விளிம்பில் தொடங்கி உள்நோக்கிச் சுற்றி
ஆப்பிள் தோல் சீவுவதுபோல
அறாமல்.
கறுத்த மடிப்பை மட்டும் வெட்டி
அடுப்பில் போட்டாள். நாறியது.
கிடைத்தவை ஏழு லேஸ்,
ஒன்றுக்கு ஜோடி இல்லை.

இனி அதை யாரும் போடமுடியாது
என்று அன்றிரவு ஒக்தாவி தூங்கினாள்.

வியாழக்கிழமை ரயிலில்
கட்டுக்கட்டாய் லேஸ் போனது.
எங்கோ ஒருவன் குனிந்து
இழுத்துப் பார்த்து
இரட்டை முடிச்சாய்ப் போட்டுக்கொண்டான்.