பென்சிலில் போட்ட நாள்

மண்டபம் நண்டுக் கம்பெனியில்
எனக்கு ஒரு மேசை, பாதி சுற்றும் மின்விசிறி,
சுவரில் கட்டம் கட்டமாய் ஒரு நாட்காட்டி.
எந்த நாடு எந்த நாளில் கதவடைக்கும் என்று
வருடம் பிறக்கும் முன்பே குறித்து வைக்க வேண்டும்.
பூட்டிய ஊருக்குப் போன உயிர் நண்டு
விமான நிலையத்தில் கிடந்தே சாகும்.
செத்த நண்டுக்கு எவனும் காசு தரமாட்டான்.

சீனப் புத்தாண்டுக்கு ஒரு வாரத்துக்கு மேல் சிவப்பு மை.
சிங்கப்பூர் கணக்குப் பார்த்துக் கொடுக்கும் நாடு,
பதினொன்றுக்குள் தீபாவளி, பெருநாள், புனித வெள்ளி
எல்லாம் அடக்கம்.
மலேசியாவில் ஒரு சுல்தான் பிறந்த நாளுக்கு
ஜொகூர் தூங்கும், பினாங்கு விழித்திருக்கும்.
ஜப்பானில் மலைக்கு ஒரு நாள், கடலுக்கு ஒரு நாள் உண்டு.
கடலுக்குப் போகச் சொல்லியா, வேண்டாமென்றா?
கேட்டால் முதலாளி செய்யது நூகு சிரிப்பார்.
துபாய்ப் பெருநாளை மட்டும்
பென்சிலில் போடச் சொல்வார்:
"பிறை தெரியட்டும்மா, அப்பறம் மை."

உள்ளே ஓடு உடைத்துச் சதை எடுக்கும் நாற்பது பேருக்கு
விடுமுறைப் பட்டியல் கிடையாது.
ஷாங்காயில் யாரோ பட்டாசு கொளுத்தினால்
புஷ்பராணிக்கு எட்டு நாள் கூலி இல்லை.
"இன்னைக்கு எந்த ஊருச் சாமிக்கு லீவு?"
வாசலில் நின்று கேட்பாள்.
விரல் வைத்துக் காட்டுவேன்.
"நல்ல சாமிதான்" என்று
தூக்குச்சட்டியோடு திரும்பிப் போவாள்.

இலங்கைக்கு அந்தச் சுவரில் இடமில்லை.
அங்கேயும் இதே கடல், இதே நண்டு.
யார் வாங்குவார்?

மாசியில் ஒரு சனிக்கிழமை
டோக்கன் வாங்கிப் போன என் வீட்டுக்காரரைப்
படகோடு பிடித்துப் போனார்கள்.
கோட்டைத் தாண்டினாராம்.
திங்கட்கிழமை ஒரு பச்சைப் பேனா வாங்கினேன்.

அங்கே பௌர்ணமிக்குப் பௌர்ணமி விடுமுறை,
வருடத்துக்குப் பன்னிரண்டு, சமயத்தில் பதிமூன்று.
அதற்குமேல் தைப்பொங்கல், சிவராத்திரி,
நபி பிறந்த நாள், வெசாக்குக்கு மறுநாள், நத்தார்.
"எல்லாச் சாமிக்கும் எங்களிட்ட லீவு இருக்கு"
யாழ்ப்பாணத்து வக்கீலம்மா போனில் சொன்னார்,
பெருமையா சலிப்பா, பிடிபடவில்லை.
மனு போகவேண்டிய நம் ஆபீசுக்கு நம் விடுமுறை.
அங்கிருக்கும் நம் தூதரகத்துக்கு
இதில் கொஞ்சம், அதில் கொஞ்சம்.
சனி ஞாயிறை எவரும் விட்டுக்கொடுக்கவில்லை.
இரண்டு நாடும் ஒருசேரத் திறந்திருக்கும் நாளை
ஒரு ராத்திரி எண்ணிப் பார்த்தேன்.
முப்பத்தொன்றில் பதினேழு.
அந்தப் பதினேழிலும்
நீதிபதிக்குக் காய்ச்சல் ஒரு நாள்.
வாய்தா மறுபடி பதினான்கு நாள்.

பௌர்ணமி நண்டில் சதை இருக்காது,
இங்கே பால்குடி மறந்த பிள்ளைக்கும் தெரியும்.
தராசில் ஓடுதான் நிறுக்கும்.
அன்றைக்குக் கிலோவுக்கு இருபது ரூபாய் குறைத்து எழுதினேன்,
கொண்டுவந்தவன் முகத்தைப் பார்க்காமல்.
சாயங்காலப் பேருந்து பாம்பன் பாலம் ஏறும்போது
ஜன்னல் பக்கம் இருந்தவர்கள் எல்லாரும் நிலாவைப் பார்த்தார்கள்.
நான் டிக்கெட்டை மடித்துக்கொண்டிருந்தேன்.
அந்த நிலாவுக்காகத்தான் அங்கே
கோர்ட்டைப் பூட்டியிருந்தார்கள்.

அவர் வரும் நாளை
நானும் பென்சிலில்தான் போட்டிருக்கிறேன்.
நாலு தடவை அழித்ததில்
ஒவ்வொரு கட்டத்திலும் தாள் நைந்து
சுவரின் சுண்ணாம்பு தெரிகிறது.

நேற்று மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டு
செய்யது நூகு குனிந்து பார்த்தார்.
"இது எந்த நாட்டு லீவும்மா?"
நான் ரசீதுப் புத்தகத்தைப் புரட்டினேன்.
விரலால் அந்த இடத்தை ஒருமுறை தடவினார்.
பிறகு வெளியே போய்
ஓட்டுநரிடம் தேதி சொல்லி,
"அன்னிக்கு லோடு கிடையாது" என்றார்.
"கூலி உண்டா மொதலாளி?"
உள்ளேயிருந்து புஷ்பராணி குரல் கொடுத்தாள்.
அவர் பதில் சொன்னாரா என்று தெரியவில்லை,
ஐஸ் லாரி பின்னால் வந்துகொண்டிருந்தது.