வரி

மாசியில் அளந்தபோது
பதினோரு அடி இரண்டு அங்குலம் இருந்த வடக்குச் சுவர்
ஆனியில் பதினான்கு.
நாடா இழுபட்டிருக்கும் என்று
திரும்ப அளந்தேன்.
பதினான்கரை.

வாலிநோக்கத்தில் யாரும் வீடு கட்டுவதில்லை.
கைப்பிடி சிப்பித்தூள்,
நகரை மீனின் செதில்,
உயிரோடு ஒடித்த பவளப்பாறையின் ஒரு விரல்,
அமாவாசை ஏற்றத்தில் ஈர மணலில் ஊன்றிவிட்டு
கையைத் தட்டிக்கொண்டு வந்துவிடுகிறார்கள்.
மூன்றாம் மாதம் வாசற்படி முளைக்கும்.
ஏழாம் மாதம் உள்ளே நிற்கலாம், குனிந்து.
கூரை மூடுமுன் கச்சான் காற்று வந்துவிட்டால்
வீடு மெல்ல முதுகைத் திருப்பிக்கொள்ளும்.

என் பதிவேட்டில் ஏழு கட்டங்கள்.
ஆறாவது: கட்டி முடித்த தேதி.
ஊர் முழுக்க அது காலி.

தோப்பில் புன்னைகள் வத்தை காய்த்துக் கிடந்தன.
பழுத்தது தானே விழும், கொம்பு கடலைப் பார்க்க.
அவசரப்பட்டுப் பிஞ்சில் பறித்த அல்லாபிச்சையின் வத்தை
முயல்தீவு தாண்டுமுன் கசந்து
சுற்றியிருந்த மீனெல்லாம் விலகிப் போனதாம்.
அதற்கும் வரி கேட்டிருந்தார்கள்.
எழுதவில்லை.

தகராறு சீனி ஜொகரா வீட்டில்தான்.
கிழக்கே, சங்குக்குள் போவதுபோல்
வலமாகச் சுழன்று இறங்கும் ஓர் அறை.
கதவு இல்லை, சன்னல் இல்லை,
ஆள் நுழையாது, முழங்கை வரை கை நுழையும்.
"நாங்க கேக்கவே இல்ல வரிக்காரரே,
அதுவா விட்டிருக்கு.
அதுக்கும் போடுவீங்களா?"

விதி பன்னிரண்டு சொல்கிறது: மனிதர் புழங்கும் இடம்.
யார் புழங்குகிறார்கள் என்றேன்.
"அதான் எங்களுக்கும் தெரியல" என்று
காரல் மீனை ஆயப் போய்விட்டார்.

இராமநாதபுரத்து அலுவலகம்
செத்த கல்லில் கட்டியது, ஓர் அங்குலம் நகராது.
அங்கிருந்து உத்தரவு:
வளர்ச்சியை நிறுத்தி அளக்கவும்.
நிறுத்துவது எளிது.
ஒரு குடம் நல்லதண்ணீர் வேரில் ஊற்றினால் போதும்,
உப்பில் பிறந்தது அன்றே வெளுத்துவிடும்.
மழைக்கு மேல்தோல் தாங்கும், வேர் தாங்காது.
குடமும் வாங்கிக் கொடுத்தார்கள், செலவுக் கணக்கில்.
சைக்கிளில் கட்டி, அடும்புக்கொடி பின்னிய பாதையில்
(நேற்று கிழக்கே போன பாதை,
இன்று தெற்கே பூத்திருந்தது)
தளும்பாமல் கொண்டு வந்திருந்தேன்.

எங்கே ஊற்றலாம் என்று வேர் தேடிச் சுற்றுகையில்
கூரையைப் பார்த்தேன்.
நண்டு நடந்த மணல்போல் வரி வரியாய்ப் பள்ளம்.
விரல் வைத்து ஒன்றைத் தொடர்ந்தேன்.
கிழக்கே போனது.
இன்னொன்று. அதுவும் கிழக்கே.

கையை விட்டேன்.
உள்சுவர் முத்துச்சிப்பியின் உள்பக்கம்போல் வழுவழு.
அடியில் குளிர்ச்சி.
எடுத்து நக்கிப் பார்த்தேன்.
உப்பு இல்லை.

சித்திரையில் பெய்தது ஒரே ஒரு மழை.
தன்னைக் கொல்லக்கூடிய தண்ணீரை
மேலே படாமல் பூசி மெழுகி
உள்ளே வைத்திருக்கிறது வீடு.
எனக்கு முன்பே
தன் வரியைத் தானே வசூலித்துவிட்டது.

வெயிலில் வெகுநேரம் நின்றேன்.
ஜொகரா செதிலோடு எட்டிப் பார்த்தார்.
குடத்தை அவிழ்த்து
அந்தச் சுழிக்குள் ஊற்றினேன்.
வெகு ஆழத்தில் போய் விழும் சத்தம்.
"கிறுக்கா உமக்கு,
குடம் பதினஞ்சு ரூவா தண்ணி!"

கிழக்கு அறை: புழக்கத்தில் இல்லை.
வடக்குச் சுவர்: பதினான்கரை, அளந்தபோது.
கட்டி முடித்த தேதி:
இல்லை என்று எழுதினேன்.
பென்சிலால்.