ஆலா வகைக் கப்பல்கள் ஏழு

மொத்தம் ஏழுதான் கட்டினார்கள்.
ஓக் மரத்தில் உடல், பைன் மரத்தில் பாய்மரம்,
தார் மணக்கும் வயிறு.
பார்த்தால் மற்றக் கலங்கள் போலத்தான்.
பாய்தான் வேறு:
இன்றைய காற்றுக்கு அசையாது,
என்றோ வீசி ஓய்ந்த காற்றுக்குப்
புடைத்து எழும்.

கடல் தட்டாகக் கிடக்கும் காலையில்,
கரை நாணல் ஒன்றுகூடத் தலையாட்டாத வேளையில்,
நூற்றுப் பத்து வருடங்களுக்கு முந்தைய
ஏதோ ஒரு செவ்வாய்க்கிழமையின் வாடை
வந்து பாயில் அறையும்.
மேல்தளத்தில் மாலுமிகள்
தொப்பியைப் பிடித்துக்கொள்வார்கள்.
கரையில் எங்கள் சுங்கான் புகை
நேராக மேலே போய்க்கொண்டிருக்கும்.

காற்றைப் பற்றி என்னிடம் கேட்காதீர்கள்.
நான் கார்ட்லா துறைமுகத்தின் சம்பளக் கணக்கன்,
கூலியைப் பற்றிக் கேளுங்கள்.
காலையில் கையெழுத்திட்டு ஏறியவன்
மாலையில் இறங்கி
மூன்று வருடக் கூலி கேட்கிறான்.
தாடி சாட்சி சொல்கிறது.
வீட்டில் அவன் பாதி வைத்த மீன்சாறு
இன்னும் ஆறவில்லை.
இதற்குக் கம்பெனி விதிகளில் பக்கம் கிடையாது.
நானே ஒரு கணக்கு வைத்துக்கொண்டேன்:
தாடியில் விரற்கடைக்கு இருபது ரூபிள்.
மழித்துக்கொண்டு வந்தவர்கள் ஏமாந்தார்கள்.

என்ன ஏற்றிப் போனார்கள்?
உப்பு. வேறென்ன.
பஞ்சம் விழுந்த வருடங்களுக்கு ரை மூட்டை.
எப்போதாவது ஒரு கடிதம்,
விலாசத்தில் ஊருக்குக் கீழே ஆண்டு.

ஆறு கப்பல்கள் போய் வந்தன.
ஒன்று போவதற்கு முன்பே வந்து
இடமில்லாமல் இரண்டு நாள்
தன் பக்கத்திலேயே நங்கூரமிட்டு நின்றது.
ஏழாவது, சாம்பல் ஆலா,
நாளை முதன்முறையாகக் கிளம்புகிறது.

ரெய்கி தேவாலயத்து வடக்குச் சுவரோரம்
ஒரு சுண்ணாம்புக்கல் சாய்ந்து நிற்கிறது.
கரை ஒதுங்கிய தச்சன்.
பெயர் தெரியாது.
இடக்கையில் மூன்று விரல்.
ஆண்டு ஆயிரத்து எழுநூற்று எழுபத்தொன்று.
அவ்வளவுதான் எழுத்து,
மீதி பாசி.

போன வாரம் ஆறாவது கப்பலின் தலைவன்
அந்த ஆண்டிலிருந்து ஒரு பொட்டலம் கொண்டுவந்தான்.
பாதிரியார் கொடுத்தாராம்,
உரியவர் வந்தால் சேர்க்கச் சொல்லி.
ஒரு முழக்கோல்,
ஒரு கம்பளிக் கையுறை.
சிவப்பில் எட்டிதழ் நட்சத்திரம்.
இரண்டு விரல்களை மடித்து
மூடித் தைத்திருக்கிறது.

என் இழுப்பறையில் இருக்கிறது அது.

இன்று மத்தியானம்
சாம்பல் ஆலாவின் தச்சன் மிஹ்கெல்
முன்பணம் வாங்க வந்தான்.
கூடவே லீசு.
அவன் மேசைமேல் கை வைத்தான்.
எண்ணினேன்: ஐந்து, ஐந்து.
அவள் பெஞ்சில் உட்கார்ந்து
பின்னிக்கொண்டிருந்தாள்.
சிவப்பு. எட்டாவது இதழ் முடியும் நேரம்.
'விரல்தான் பெரிய தொல்லை,
ஒவ்வொன்றையும் தனியாகப் பின்ன வேண்டும்'
என்று சிரித்தாள்.

சொல்லிவிடலாம் என்று வாய் திறந்தேன்.
அப்போதுதான் அவள் ஊசியைப் பார்த்தேன்.
இடக்கைக்காரி.
முடிச்சு எல்லாம் எதிர்ப்பக்கம் விழுகிறது.

இழுப்பறையை ஒரு சாண் திறந்தேன்,
மூடிய விரல்களின் தையலைப் பார்த்தேன்,
சாத்தினேன்.

அப்படியென்றால் வருவான்.
ஒருமுறையாவது வருவான்,
இரண்டு விரல் குறைவாக.
இவள் திட்டிக்கொண்டே
விளக்கடியில் உட்கார்ந்து தைப்பாள்.
அதற்குப் பிறகு நடப்பதற்கு
இன்னும் நாள் இருக்கிறது.
எத்தனை நாள் என்று கையுறையில் இல்லை.

அவன் இடது உள்ளங்கையில்
ரூபிள்களை ஒவ்வொன்றாக வைத்தேன்.
தப்பு வந்ததுபோல் மறுபடி எண்ணினேன்.
'இவ்வளவு மெதுவாக எண்ணினால்
கப்பல் போய்விடும்' என்றான்.

லீசு எழுந்தபோது
மிச்ச நூலுருண்டை பெஞ்சடியில் உருண்டது.
எடுத்துக் கொடுத்தேன்.
'தூக்கிப் போட்டுவிடாதே,
இதே சிவப்பு வேண்டியிருக்கும்.'
'எதற்கு?' என்றாள்.

ஜன்னலுக்கு வெளியே
ஒரு இலை அசையவில்லை.
'காற்று' என்றேன்.