தண்ணியில்லாக் காட்டில் ஒரு ஞாயிறு

மாற்றல் உத்தரவைக் கையில் கொடுத்து
“தண்ணியில்லாக் காடும்மா” என்றார்
கும்பகோணத்தில் என் கண்காணிப்பாளர்,
துக்கம் விசாரிக்கிற குரலில்.
கூடுதலாய் இரண்டு குடம் வாங்கிக்கொண்டுதான்
ராமநாதபுரம் கருவூலத்தில் வந்து சேர்ந்தேன்.

மூன்றாம் மாதம் ஒரு ஞாயிறு
குந்துகால் படகுத்துறையில் நிற்கிறேன்.
பார்க்கிற பக்கமெல்லாம் தண்ணி.

காவிரியில் கால் நனைத்ததோடு சரி.
நாற்பத்தோரு வயது, நீச்சல் தெரியாது.
படிவத்தில் அந்தக் கட்டத்தை மட்டும் காலியாக விட்டேன்,
காலிக் கட்டம் கண்டால் பில்லையே திருப்பி அனுப்புகிறவள்.
தஸ்நேவிஸ் திருப்பவில்லை.
“தெரியாட்டி நல்லது மேடம்.
தெரிஞ்சவங்கதான் சும்மா கையக் கால அடிப்பாங்க.”

தங்கச்சிமடத்துக்காரன்.
வடக்கே பெண்கடல், தெற்கே ஆண்கடல் என்று
தாடையாலேயே காட்டினான்.
எனக்கு இரண்டும் ஒரே நீலம்.
“கச்சான் இன்னிக்கு அசந்துட்டு. தெளிவு இருக்கு.”

தீவு ஒரு பச்சைக் கோடு.
இறங்கக் கூடாது; எட்ட நின்று நங்கூரம் போட்டார்கள்.
தணிக்கைப் பிரிவு சீனி இபுராகிம்
காலை இட்லியை மறுபக்கம் குனிந்து
மீன்களுக்குக் கொடுத்துவிட்டு
“நான் இங்கனயே இருக்கேன்” என்றார்.

“கண்ணாடிக்குள்ள எச்சி துப்பித் தேய்ங்க,
ஆவி பிடிக்காது.”
தண்ணீர்ச் சொம்பை உதட்டில் வைத்தால்
அடி விழுகிற வீட்டில் வளர்ந்தவள்
துப்பினேன்.
யார் யாரோ கடித்த ரப்பரை
டெட்டால் வாசத்தோடு பல்லிடுக்கில் வாங்கினேன்.
“இனி மூக்கை மறந்துருங்க.”

விரல்கள் வட்டமானால், நலம்.
உள்ளங்கை ஆடினால், ஏதோ கோளாறு.
கட்டைவிரல் உயர்ந்தால், மேலே போகணும்.
படகில் எல்லோரையும் செய்துகாட்டச் சொன்னான்.
பிசகாமல் முதலில் செய்தது நான்தான்.

பூனைக்குட்டியைப் பிடரியில் பிடிப்பதுபோல்
சிலிண்டர் கழுத்தைப் பிடித்து அவன் இறக்க,
ஒரு பாகம்.
காது அடைத்தது. மூக்கைப் பொத்தி ஊதினேன்,
உள்ளே எங்கோ தாழ்ப்பாள் விலகிற்று.
இரண்டு பாகம்.
என் மூச்சு எனக்கே கேட்கிறது:
அலுவலகத்துப் பழைய பிரிண்டர்
தாளை இழுத்து இழுத்து விடுகிற சத்தம்.
மூன்று.

கடல்புல் முழுக்க ஒரே திசையில் படுத்து
ஒன்றாய் எழுந்தது.
பாரின் ஒரு பக்கம் வெளுத்துக் கிடந்தது, எலும்பாக.
மறுபக்கம் ஒரு கிளிமீன் அதைக் கடிக்க,
முறுக்கு உடைகிற சத்தம்
தண்ணீருக்குள் கேட்கும் என்று
யாரும் சொல்லவில்லையே எனக்கு.

அப்புறம் அந்தக் கணவாய்.
முழங்கை தூரத்தில், அந்தரத்தில் நின்று
என்னைத்தான் பார்த்தது.
பழுப்பானது. செம்மண்ணானது.
உடம்பெங்கும் வரி ஓடி
வரியும் அழிந்து
கண் மட்டும் மிச்சமானது.
சந்தையில் அதைக் கிலோக் கணக்கில் வாங்கியிருக்கிறேன்,
வெள்ளை ரப்பராய்.

தாங்க முடியாமல்
தூக்கிக் காட்டினேன் கட்டைவிரலை, சூப்பர் என்று.

வெளிச்சம், டீசல் வாசம், இபுராகிமின் முகம்.
“என்னாச்சு மேடம்? மேல போகணும்னீங்க?”
“இல்ல, அது… நல்லாருந்துச்சு.”
தஸ்நேவிஸ் சிரிக்கவில்லை.
“எல்லாரும் அப்படித்தான். இன்னும் நாலு நிமிசம் இருக்கு.”

மறுபடி போனோம்.
கணவாய் இல்லை.
புல் படுத்து எழுந்துகொண்டிருந்தது.
எதைப் பார்ப்பதென்று தெரியாமல்
விரல்களை வட்டமாக்கி
அந்த வெற்றிடத்துக்குக் காட்டினேன்.

ராத்திரி பதினொன்றுக்கு லாரி வந்தது.
குடத்தோடு வரிசையில் பதினான்காவது ஆள்.
பின்னால் யாரோ “இன்னிக்கு மூணு குடந்தானாம்” என்கிறார்கள்.
முறை வந்து குனிந்தபோது
இடது காதிலிருந்து
வெதுவெதுப்பாய் ஒரு சொட்டு
கழுத்தில் இறங்குகிறது.
துடைக்கக் கை ஒழியவில்லை.